பூநகரி கண்ட நாடுகள்

பூமிசாத்திர பாடத்திலே மாணவர் நாடுகளின் பெயர்களையும் தலைநகர்களின் பெயர்களையும் மனனஞ் செய்வர். போர்த்துக்கலுக்கு லிஸ்பன், ஒல்லாந்துக்கு அம்ஸ்ரடாம் என ஒப்புவித்து முழுப் புள்ளியும் பெறுவர். அந்நகரங்களுக்கும் தம் ஊருக்கும் யாதேனுந் தொடர்பு உண்டோ என வினாவுவார் மிக அரியர். வினாவுவாராயின், விடை தேடிக் கடல் கடத்தல் வேண்டா. பூநகரிக்குச் செல்லுதலே போதும்.

வன்னிப் பெருநிலத்தின் வடமேற்கு மூலையிலே, வடக்கே யாழ்ப்பாணக் கடனீரேரியும் மேற்கே பாக்குக் கடலும் சூழ, கை நீட்டினாற்போலக் கல்முனை வரைக்கும் நீண்டு கிடப்பது இந்நிலப்பகுதி. மணற்றிட்டும் பனையும் வயலும் கலந்தது. இங்கு விளையும் மொட்டைக்கறுப்பன் நெல்லின் பெருமையை யாழ்ப்பாணத்தார்க்கு எடுத்துரைத்தல் மிகையாகும். எனினும் அயல்நாட்டார் இதனை நாடியது நெல்லுக்காக அன்று, வழிக்காகவேயாம். பெருநிலத்திலிருந்து குடாநாட்டுட் புகுவார்க்கு வாயில்கள் இரண்டு. கிழக்கே ஆனையிறவு ஒன்று. மேற்கே பூநகரி மற்றொன்று. மன்னாரிலிருந்து வரும் பாதை சங்குப்பிட்டியில் நீரைத் தொட, அப்பாற் கேரதீவுக்கு அந்நாளில் ஓடமேறுதல் வேண்டியிருந்தது. வாயிலைக் காப்பவன் வீட்டைக் காப்பான் என்பதை ஐரோப்பியர் விரைவில் அறிந்துகொண்டனர்.

அவர்க்கு முன்னரும் இவ்வூர் உலகத்தை அறியாதிருந்ததன்று. பேராசிரியர் ப. புஷ்பரட்ணம் பூநகரிப் பிரதேசத்தில் நிகழ்த்திய தொல்பொருளாய்வு 1993 ஆம் ஆண்டில் நூலாக வெளிவந்தது. பெருங்கற்காலப் பண்பாட்டுக்குரிய கறுப்புச் சிவப்பு மட்பாண்ட ஓடுகள் இங்கே கிடைத்தமையை அது காட்டிற்று. கடனீரேரியின் மறுபுறத்திலுள்ள அல்லைப்பிட்டியிலே 1977 இல், சீனத்துச் சொங் அரசர் காலத்துப் பாண்டங்கள் வெளிப்பட்டன. ஏறக்குறையத் தொள்ளாயிரம் ஆண்டுகளுக்கு முன் இக்கடலிற் சீனச் சரக்கு வந்திறங்கிற்று என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டுவதில்லை.

1619 இல் பிலிப்பு டி ஒலிவேறா நிலவழியாகப் படை நடத்தி வந்து சங்கிலி குமாரனை வென்றான். யாழ்ப்பாணத்தின் இறுதி மன்னன் கோவாவுக்குக் கொண்டுசெல்லப்பட்டுக் கொலைத் தண்டனைக்குள்ளானான். நாட்டைக் கைப்பற்றியவர் போர்த்துக்கேயர் என்று பாடப் புத்தகங் கூறும். கூற்று மெய்யே, ஆனால் முழு மெய்யன்று. 1580 தொடக்கம் 1640 வரை போர்த்துக்கலின் முடியைத் தரித்தவர் ஸ்பானிய அரசர். ஆகவே நல்லூரிலிருந்து அரசு பறிபோன அந்நாளிலே, அதனைப் பெற்றவன் உண்மையில் ஸ்பானிய மன்னனாகிய மூன்றாம் பிலிப்பேயாவன். பூநகரியார் ஒருவருக்கேனும் அவன் பெயர் அக்காலத்தில் எட்டியிருத்தல் அரிது.

இம்முடியொருமையே பின்னர் ஒல்லாந்தரையும் ஈண்டுக் கொணர்ந்தது. ஸ்பானியாவின் ஆட்சியை எதிர்த்துக் கிளர்ந்த ஒல்லாந்தர் அதுகாறும் லிஸ்பன் துறையிலே கீழைத்தேயச் சரக்கைக் கொண்டு ஐரோப்பாவின் வடநாடுகளில் விற்று வந்தவர். லிஸ்பனும் ஸ்பானிய அரசன் கைப்படவே, அத்துறை அவர்க்கு அடைக்கப்படலாயிற்று. கடைக்காரன் கதவைச் சாத்தின் தோட்டத்துக்கே போவோம் எனத் துணிந்து அவர்கள் கப்பலேறினர். 1602 இல் கிழக்கிந்தியக் கும்பனியை நிறுவினர். 1658 இல் மன்னாரும், அதனையடுத்து ஏறக்குறைய மூன்று மாத முற்றுகையின்பின் யாழ்ப்பாணக் கோட்டையும் அவர் வசமாயின. ஐரோப்பாவில் ஒரு துறைமுகம் அடைபட்டமையால் ஆசியாவில் ஒரு கோட்டை கைமாறிற்று என்க.

யாழ்ப்பாணத்து உடைமைகளைக் காத்தற்பொருட்டுப் போர்த்துக்கேயர் பூநகரியில் எழுப்பிய கோட்டை சிறியது. சதுர வடிவினது, எதிரெதிர் மூலைகளில் இரண்டு கொத்தளங்கள் மாத்திரமே உடையது. ஒல்லாந்தர் அதனை 1770 அளவிற் பெருப்பித்துக் காவற்படை வைத்தனர். வன்னியிற் பிடிபட்ட யானைகள் குடாநாட்டுக்கு ஓட்டப்பட்டு, இந்திய வணிகருக்கு விற்கப்பட்டு, ஊர்காவற்றுறையிற் கப்பலேறிய காலம் அது. வன்னியர்கள் திறையாக யானை தரல் வேண்டும் என்பது கும்பனியின் விதி. திறை நிலுவையாவதும், அதன்பொருட்டுப் பூசல் மூளுவதும் வழக்கமாயின. இச்சிறு கோட்டை காத்தது வழியை மட்டுமன்று, வருவாயையும் ஆம்.

கல்லினும் சொல் நெடிதுநாள் நிற்கும் போலும். அலமாரியும் சாவியும் போர்த்துக்கேயர் விட்டுச் சென்றவை. கந்தோரும் நொத்தாரிசும் லாச்சியும் ஒல்லாந்தருடையவை. ஒல்லாந்துச் சொல் எனத் தெரியாமலே ஒல்லாந்துச் சொல்லால் நொத்தாரிசைத் தேடிச் செல்லும் கமக்காரரை எவரும் காணலாம்.

அடுத்த கைமாற்றம் மேலும் வியப்புக்குரியது. 1795 ஆம் ஆண்டின் தொடக்கத்திற் பிரான்சியப் புரட்சிப் படைகள் ஒல்லாந்துட் புகுந்தன. அந்நாட்டுத் தலைவன் ஐந்தாம் வில்லியம் இங்கிலாந்துக்கு ஓடி, கியூ என்னும் இடத்திலே தங்கி, ஒல்லாந்தின் குடியேற்ற நாடுகளை ஆங்கிலேயப் படைகளின் கையில் ஒப்புவிக்குமாறு கடிதங்கள் எழுதினான். பிரான்சியர் கையில் அவை சிக்காதிருத்தற்பொருட்டு எழுதியது இது. நாடிழந்த ஒருவன் அயலார் வீட்டிலிருந்து எழுதிய அக்கடிதங்களை மேற்கோளாகக் காட்டியே ஆங்கிலேயர் இலங்கைக் கரையில் இறங்கினர். செப்டெம்பர் மாத இறுதியில் யாழ்ப்பாணக் கோட்டை போரின்றிப் பணிந்தது. 1802 இல் பிரான்சு நாட்டின் அமியன்ஸ் நகரில் எழுதப்பெற்ற உடன்படிக்கை இவ்வுரிமையை உறுதிசெய்தது. அம்மேசையில் வன்னியார் எவரும் இருந்திலர். பண்டாரவன்னியன் அடுத்த ஆண்டிலேயே முல்லைத்தீவைத் தாக்கியமை, கேளாத மேசைக்கு வன்னி அளித்த மறுமொழி எனலாம்.

ஆங்கிலேயர் ஆட்சியிற் கோட்டைக்குப் பழைய வேலையில்லை. தென்கரையிலும் வடகரையிலும் ஒருவரே ஆளும்போது வாயிலுக்குக் காவல் எதற்கு? 1805 இல் அவ்விடத்தில் அவர்கள் வாடிவீடு ஒன்றை அமைத்தனர். படைஞர் உறங்கிய நிலத்திற் பிரயாணிகள் உறங்கினர். பூநகரிச் சரித்திரத்தில் இதனைப்போன்ற அமைதியான மாற்றம் பிறிதொன்றில்லை.

ஆனால் வாயில் வாயிலே. அண்மைக்காலப் போரில் ஆனையிறவும் சங்குப்பிட்டியும் மூடப்பட, குடாநாட்டு மக்கள் கிளாலிக் கடலை இரவிலே படகேறிக் கடந்தனர். கடக்கையில் உயிரிழந்தோர் பலர். 1993 நவம்பரிற் பூநகரிப் படைமுகாம் தாக்கப்பட்டது. 2008 நவம்பரில் இவ்விடம் மீண்டும் கைமாறிற்று. போர்த்துக்கேயர் கண்ட அதே காரணத்தினாலேயே இவ்விரு நிகழ்ச்சிகளும் நேர்ந்தன. 2011 சனவரியில் 288 மீற்றர் நீளமுடைய சங்குப்பிட்டிப் பாலம் திறக்கப்பட்டபின் ஓடம் ஓய்ந்தது.

நாடுகளின் வரவு இத்துடன் முடிந்ததன்று. 2021 இல் கௌதாரிமுனைக் கடலிற் சீனத் தொடர்புடைய நிறுவனம் ஒன்று கடலட்டைப் பண்ணை அமைத்தபோது, தம் தொழிற்கடல் குறுகும் என அப்பகுதி மீனவர் எதிர்ப்புத் தெரிவித்தனர். பூநகரியார் கடலட்டையை உண்பவரல்லர். அது சீனரின் விருந்துக்குரியது. அல்லைப்பிட்டியிற் பாண்டம் இறக்கிய நாடே மறுபடியும் இக்கடலுக்கு வந்தமை காண்க. பின்னர் இந்தியாவின் அதானி நிறுவனம் இங்கு வீசும் காற்றை நாடிற்று. மன்னாரிலும் பூநகரியிலுமாக 484 மெகாவாற்று மின்சாரம் பெறக் கருதிய திட்டத்திற் பூநகரியின் பங்கு 234 மெகாவாற்று. மின்சாரத்தின் விலையை மீள ஆராய இலங்கை அரசு முற்படவே, 2025 பெப்ரவரியில் அந்நிறுவனம் விலகிக்கொள்வதாகக் கொழும்புக்குக் கடிதம் எழுதியது. அகமதாபாத்துக்கும் கொழும்புக்கும் இடையே நடந்த அக்கடிதப் போக்குவரத்திலும் பூநகரியாரின் கையொப்பம் இருக்கவில்லை.