பம்பாய்த் தமிழரின் நாவும் மூளையும்

பம்பாயின் வடபுறத்தில், மாஹிம் கழியின் ஓரமாகச் சதுப்பு நிலமாய்க் கிடந்த தாராவிக்குப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் திருநெல்வேலிச் சீமையிலிருந்து தோல் பதனிடும் வேலையை நம்பி வந்து குடியேறிய தமிழர்களுக்கு, வந்திறங்கிய அன்று தெரிந்திருந்த பாஷை பெரும்பாலும் தமிழ் ஒன்றுதான். அவர்களுக்கு முன்பே அங்கே மீன்பிடித்து வாழ்ந்த கோளிகள் மராத்தி பேசினார்கள். கும்பார்வாடாவில் பானை வனைந்த சௌராஷ்டிர தேசத்துக் குயவர்கள் குஜராத்தி பேசினார்கள். சந்தையில் எல்லாருக்கும் பொதுவாக வழங்கியது பம்பாய் ஹிந்துஸ்தானி. இவற்றைக் கற்பிக்கப் பள்ளிக்கூடமும் இல்லை, கற்றுக்கொள்ள ஓய்வும் இல்லை. ஆயினும், எழுத்து வாசனையே இல்லாத குடும்பங்களில்கூட, ஒரு தலைமுறை கழிவதற்குள், மூன்று நான்கு பாஷைகளை ஆளுக்கும் இடத்துக்கும் தக்கபடி மாற்றி மாற்றிப் பேசும் வழக்கம் வேரூன்றிவிட்டது. இந்த வழக்கத்தின் சரித்திரத்தை, மூளை பாஷையைக் கையாளும் விதத்தை ஆராயும் சாஸ்திரத்தின் சரித்திரத்தோடு சேர்த்துப் பார்க்க வேண்டும் என்பது என் நெடுநாளைய எண்ணம். ஏனெனில் அந்த சாஸ்திரம் ஆதியில் விசாரிக்காமல் விட்ட மனிதர் இப்படிப்பட்ட இடங்களில்தான் வாழ்ந்துகொண்டிருந்தார்.

தாராவியை அடுத்த மாதுங்காவின் கதை வேறு. 1896-இல் பம்பாயைப் பிளேக் நோய் தாக்கியதையொட்டி 1898-இல் ஏற்பட்ட நகர அபிவிருத்தி டிரஸ்ட், தாதர், மாதுங்கா பகுதிகளை விசாலமான தெருக்களோடு அமைத்தபோது, அங்கே குடிவந்த தென்னிந்தியர்கள், தஞ்சாவூரிலிருந்தும் பாலக்காட்டிலிருந்தும் சுருக்கெழுத்தும் தட்டெழுத்தும் பழகிக்கொண்டு வந்த குமாஸ்தாக்கள். துரை சொல்லும் ஆங்கில வாசகத்தைக் காதில் வாங்கி, சுருக்கெழுத்தாக்கி, மீண்டும் முழு வாக்கியமாகத் தட்டச்சில் இறக்கிய அவர்களுக்கு ஆங்கிலம் கண்ணாலும் கையாலும் பழகிய பாஷை, அடுக்களையில் தமிழ், மராத்தியோ காய்கறிக்காரியிடம் பேசும் அளவுக்கு. 1932-இல் தென்னிந்தியக் கல்விச் சங்கம் அங்கே தோன்றியதும் அந்த ஏட்டுப் படிப்பு இன்னும் உறுதிப்பட்டது. சுதந்திரத்துக்குப் பிறகு டிராம்பேயில் அணுசக்தி நிலையமும் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலைகளும் எழுந்தபோது செம்பூரில் பெருகிய தமிழ்க் குடும்பங்களில், காதால் கற்றவர்கள், ஏட்டால் கற்றவர்கள் என்ற இவ்விரண்டு வகையும் கலந்திருந்தன.

தாராவியின் தொண்ணூறடி ரோட்டில் விடியற்காலையில் அவித்த இட்லியைப் பாத்திரத்தில் அடுக்கி, சைக்கிளில் கட்டிக்கொண்டு கிளம்பும் ஒருவரை நினைத்துக்கொள்வோம். 'அண்ணா, கித்னா?' என்று ஒருவர் கேட்டால் 'பீஸ்' என்கிறார்; அடுத்து நிற்பவர் 'கிதி ஜாலே?' என்றால் 'வீஸ் ருபயே' என்கிறார். உடன் வந்த மகனிடம் 'சட்னிய மூடி வைடா' என்கிறார். மீதிச் சில்லறையை மட்டும் உதடு அசைய அசையத் தமிழிலேயே கணக்கிடுகிறார். இவ்வளவும் மூச்சு விடும் நேரத்தில் நடந்துவிடுவதால், இதில் ஏதோ அற்புதம் இருக்கிறது என்று அவருக்கோ கேட்பவருக்கோ தோன்றுவதில்லை.

உண்மையில், ஒரு பொருளின் படத்தைக் கண்டு அதன் பெயரை வாய்விட்டுச் சொல்லத் தொடங்குவதற்கு மூளைக்கு ஏறக்குறைய 600 மில்லிசெகண்டு ஆகிறது. அதற்குள் பொருளை இன்னதென்று அறிந்து, பல்லாயிரம் சொற்கள் அடங்கிய பண்டாரத்திலிருந்து தக்க சொல்லை எடுத்து, அதன் ஒலிகளை வரிசைப்படுத்தி, நாக்குக்கும் உதட்டுக்கும் குரல்வளைக்கும் கட்டளை அனுப்பியாக வேண்டும். பல பாஷைகள் அறிந்தவரிடத்திலோ, ஒரு பாஷையில் பேசும்போது மற்றவை உறங்கிவிடுவதில்லை. 'இருபது', 'பீஸ்', 'வீஸ்' மூன்றும் ஒருங்கே எழுந்துவர, வேண்டாத இரண்டை அடக்கி வேண்டியதை மட்டும் வாயிலுக்கு விடும் காரியத்தை முன்மூளையும், மூளையின் ஆழத்தில் இருக்கும் சில நரம்புத் திரள்களும் செய்கின்றன. நாள் முழுவதும் அந்த இட்லிக்காரர் செய்யும் பெரிய உழைப்பு இதுவே என்று நான் கருதுகிறேன்.

இந்த இயக்கத்தை மருத்துவ உலகம் ஆராயத் தொடங்கியது ஐரோப்பாவில். 1861-இல் பாரிஸில் பால் புரோக்கா என்னும் வைத்தியர், பிறர் சொல்வது விளங்கியும் 'தான்' என்ற ஓரசையைத் தவிர வேறொன்றும் சொல்ல இயலாதிருந்து இறந்த லெபோர்ஞ் என்பவரின் மூளையைச் சோதித்து, இடது முன்பகுதியில் சிதைவைக் கண்டார். 1874-இல் கார்ல் வெர்னிக்கே, காதுக்கு மேலே சற்றுப் பின்புறமாக இடப்பக்கத்தில் சேதமுற்றவர்கள் தடையின்றிப் பேசினாலும் அப்பேச்சு பொருளற்றுப் போவதையும், பிறர் பேச்சு அவர்களுக்கு விளங்காமற்போவதையும் எடுத்துக் காட்டினார். பல பாஷைகள் அறிந்தவன் பேச்சிழந்தால் எது முதலில் திரும்பும் என்ற கேள்விக்கு, முதலில் கற்றதே நிலைக்கும் என்னும் கருத்து பிரெஞ்சு உளவியலாளர் ரிபோவின் பெயராலும், அதிகம் பழகியதே முந்தும் என்னும் கருத்து 1895-இல் எழுதிய பிரெஞ்சு வைத்தியர் பித்ரின் பெயராலும் வழங்கிவருகின்றன. அவர்கள் பலபாஷைக்காரனை ஒரு விசேஷப் பிரஜையாகவே பாவித்தார்கள். இதனை அவர்கள் குறையென்று சொல்லேன். அங்குள்ள வைத்தியசாலைகளுக்கு வந்தவர்களில் பெரும்பாலோர் ஒரு பாஷைக்காரர்கள். ஆனால் அதே ஆண்டுகளில் பம்பாயில் சாமானிய ஜனங்களின் இயல்பாக இருந்தது அங்கே அபூர்வ நோயாளியின் விசித்திரமாக எழுதப்பட்டுவிட்டது.

அந்தப் பார்வையைத் திருத்தியவர்களில் நாம் போற்ற வேண்டியவர் மொழியியலறிஞர் பிரபோத் பண்டிட். பம்பாயில் குடியேறிய குஜராத்தி மசாலா வியாபாரி ஒருவர் வீட்டில் குஜராத்தி, காய்கறிச் சந்தையில் மராத்தி, பால்காரரிடம் ஹிந்தி, வியாபார வட்டாரத்தில் கச்சியும் கொங்கணியும், எப்போதாவது ஆங்கிலம் என்று சிரமமின்றி வாழ்வதை 1972-இல் அவர் வர்ணித்தார். 2013-இல் ஹைதராபாத் நிஜாம் வைத்திய விஞ்ஞான நிலையத்தைச் சார்ந்த சுவர்ணா அல்லாடியும் சகாக்களும் 648 மறதி நோயாளிகளை ஆராய்ந்து, இரண்டோ அதற்கு மேலோ பாஷைகள் பேசியவர்களுக்கு அந்நோய் சுமார் நாலரை ஆண்டு பிந்தி வந்திருப்பதைக் கண்டார்கள். எழுத்தறியாதவர்களிடமும் இந்த வித்தியாசம் இருந்தது. பக்கவாதத்துக்கு ஆளான 608 பேரைப் பற்றி அவர்கள் 2016-இல் வெளியிட்ட ஆராய்ச்சியில், சிந்தனைத் திறன் குன்றாமல் மீண்டவர்கள் பலபாஷைக்காரர்களில் 40.5 சதவீதமாகவும், ஒரு பாஷைக்காரர்களில் 19.6 சதவீதமாகவும் இருந்தனர். பேச்சிழப்பு மட்டும் இரு சாராருக்கும் ஏறத்தாழ ஒரே அளவில் நேர்ந்திருந்தது. வேறு தேசங்களில் நடந்த சில ஆராய்ச்சிகளில் இத்தகைய அனுகூலம் தென்படாததால் இதை முடிந்த முடிபாகக் கொள்வதற்கில்லை.

பேச்சிழப்பு யாருக்கும் வரலாம் என்பதால், வந்தபின் என்ன செய்வது என்பதே பம்பாய்த் தமிழருக்குப் பெரிய கவலை. நாயர் ஆஸ்பத்திரியில் 1960களிலேயே பேச்சுச் சிகிச்சையைக் கற்பிக்கத் தொடங்கியதும், 1983-இல் பாந்திராவில் செவித்திறன் குறைந்தோருக்கான அலி யாவர் ஜங் நிலையம் ஏற்பட்டதும் பெரும் பாக்கியங்கள். ஆயினும் தாராவியிலிருந்து சயான் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிச் செல்லப்படும் கிழவரை ஹிந்தியில் மட்டும் கேட்டுவிட்டு, பேச்சு அறவே போயிற்று என்று தீர்மானிப்பது தகாது. காதால் பழகிய பாஷை தன்னறிவின்றி ஓடும் பழக்கத்தையும், ஏட்டில் கற்ற பாஷை விதிகளை நினைவு கூரும் ஞாபகத்தையும் அதிகமாகச் சார்ந்திருப்பதால், ஒன்று சிதைந்து மற்றொன்று தப்புவது உண்டு என்று கனடாவின் மிஷேல் பராதி விளக்கினார். ஆகவே மாதுங்காக் குமாஸ்தாவுக்குத் தாய்மொழி தடுமாற, ஆங்கிலம் சற்றே தெளிவாக வருவதும் நேரக்கூடியதே. பராதி 1987-இல் வெளியிட்ட சோதனையின் முதற்பகுதி, நோயாளி எந்த பாஷையை எப்போது, யாரிடம், எவ்வளவு பேசினார் என்று விசாரிப்பதாகும். அதற்குப் பேச்சிழந்த நோயாளியால் பெரும்பாலும் விடை சொல்ல முடியாது. மனைவியும் மக்களும் உடன் வேலை செய்தவர்களுமே சொல்ல வேண்டும். முதல்முறை வைத்தியரைப் பார்க்கச் செல்லும்போதே, வீட்டில் எது, கடையில் எது, கணக்கிட எது, கோபம் வந்தால் எது என்று அந்த வீட்டார் ஒரு தாளில் எழுதிக்கொண்டு போவது நலம்.