லோடு ஏத்துவதும் கேம் ஏத்துவதும்

போன பொங்கலுக்கு ராசிபுரத்தில் வீட்டை ஒட்டடை அடித்தபோது பரணில் இருந்து ஒரு அட்டைப்பெட்டி இறங்கியது. கரையான் அரித்த பிளஸ் டூ நோட்டுகள், உருளை வைத்த பழைய மவுஸ், அடியில் ஒரு கார் ரேஸ் கேம். சிங்கப்பூர் மாமா 2004இல் வாங்கி வந்த ஒரிஜினல். பெட்டிக்குள் இரண்டு சிடிகள் இருந்தன. ஒன்று அச்சடித்த படத்தோடு, கீறல் இல்லாமல். இன்னொன்று வெறும் வெள்ளி சிடி, மேலே மார்க்கரில் கேமின் பெயரும் அதன் கீழே பாதி அழிந்த எழுத்துகளும்.

அக்கா பையனுக்குப் பதினோரு வயது. கேம் என்றால் அவனுக்குப் போன். "மாமா, இந்தத் தட்டுலயா கேம் இருக்குது?" என்றான். சேலத்து நண்பனிடம் யுஎஸ்பி சிடி டிரைவ் ஒன்றை இரவல் வாங்கி வந்து என் லேப்டாப்பில் மாட்டினேன். ஒரிஜினலைப் போட்டேன். ஏறியது. டெஸ்க்டாப்பில் ஐக்கானும் வந்தது. இரண்டு தட்டு தட்டினால் ஒன்றும் நடக்கவில்லை. 'எரர்' என்றுகூடச் சொல்லவில்லை. வெள்ளி சிடியைப் போட்டேன். அது சீரியல் கீ கேட்டது. மார்க்கரில் முதல் ஐந்து எழுத்து மட்டும்தான் மிச்சம்.

காசு கொடுத்து வாங்கியது ஓடவில்லை. கீ மட்டும் கிடைத்தால் திருட்டு சிடி ஓடும் என்று எனக்குத் தெரியும். ஏன் அப்படி என்று பையன் கேட்டான். மென்பொருள் எழுதிச் சம்பளம் வாங்குகிறவன் நான். இருந்தும் பதில் சொல்ல ஒரு சாயங்காலம் முழுக்க ஆயிற்று.

ஆதியில் கேமை யாரும் ஏற்றவில்லை, நகல்தான் எடுத்தார்கள். தொண்ணூறுகளில் பள்ளிக்கூட லேப்களிலும், டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட் பலகையில் 'கம்ப்யூட்டர்' சேர்த்துக்கொண்ட சென்டர்களிலும் இரண்டு கேம்கள் இருக்கும். பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியா, டேவ். ஒரு ஃப்ளாப்பியில் அடங்கிவிடும். டாஸ் திரையில் பெயரை அடித்து என்டர் தட்டினால் ஆட்டம் தொடங்கும். டேவை எழுதிய ஜான் ரொமேரோ பின்னாளில் நண்பர்களோடு சேர்ந்து 1993 டிசம்பர் 10 அன்று டூம் வெளியிட்டார். கேம்கள் பெரிதாகப் பெரிதாக டாஸில் பாடு அதிகமானது. 640 கேபி நினைவகத்துக்குள் இடம் ஒதுக்க கான்ஃபிக் ஃபைலைத் திருத்த வேண்டும். சவுண்ட் கார்டு எந்த போர்ட்டில், எந்த ஐஆர்க்யூவில் இருக்கிறது என்று கேம் நம்மிடமே கேட்கும். தப்பாகச் சொன்னால் ஊமைப்படம்.

விண்டோஸில் கேம் ஓடாது என்பதுதான் அன்றைய பேச்சு. மைக்ரோசாஃப்ட் 1994இல் 'விங்' என்று ஒரு ஏற்பாட்டைக் கொண்டுவந்தது. அதை நம்பி டிஸ்னி தன் லயன் கிங் கேமை கிறிஸ்துமஸ் சந்தைக்கு விட்டது. காம்பேக் பிரசாரியோ கம்ப்யூட்டர்களின் திரை டிரைவரோடு அது ஒத்துப்போகவில்லை. பண்டிகைக் காலையில் அமெரிக்கக் குழந்தைகள் சிடியைப் போட, கம்ப்யூட்டர் படுத்துக்கொண்டது. அந்த அவமானத்துக்குப் பிறகுதான் அலெக்ஸ் செயின்ட் ஜான், கிரெய்க் ஐஸ்லர், எரிக் எங்ஸ்ட்ராம் என்ற மூவரின் டைரக்ட்எக்ஸ் வேகம் பிடித்தது. விண்டோஸ் 95 வந்தது 1995 ஆகஸ்ட் 24இல். டைரக்ட்எக்ஸின் முதல் பதிப்பு செப்டம்பர் 30இல். எந்தக் கார்டு, எந்தக் கம்பெனி என்று கேம் எழுதுகிறவன் கவலைப்பட வேண்டாம், டைரக்ட்எக்ஸிடம் சொன்னால் போதும் என்பது ஏற்பாடு. சிடியைப் போட்டதும் தானாகத் திரை விரிகிற ஆட்டோபிளேயும் விண்டோஸ் 95 கொண்டுவந்ததுதான். நெக்ஸ்ட், நெக்ஸ்ட், ஃபினிஷ் என்ற சடங்கு அதற்குப் பிறகே ஊர் ஊராகப் பரவியது.

எங்கள் பக்கம் அந்தச் சடங்குக்கு வேறு பெயர். 'இன்ஸ்டால்' என்று கல்லூரிக்குப் போன பிறகுதான் சொல்லப் பழகினோம். அதுவரை 'ஏத்துறது'தான். "அண்ணா, ஒரு கேம் ஏத்திக் குடுங்கண்ணா." நாமக்கல் பக்கத்துக்காரர்களுக்கு இந்த வினைச்சொல் எங்கிருந்து வந்தது என்று விளக்க வேண்டியதில்லை. லோடு ஏத்துகிற ஊர்.

இன்னொரு ஒப்புமையும் உண்டு. ஓசூரில் இருந்து நெடுஞ்சாலையில் லாரி சேஸிஸ்கள் வரிசையாக வருவதைப் பார்த்திருப்பீர்கள். கேபின் இருக்காது, கதவு இருக்காது. தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு வெட்டவெளியில் உட்கார்ந்து டிரைவர் ஓட்டி வருவார். கம்பெனி கொடுப்பது அவ்வளவுதான். பாடி நாமக்கல்லில் கட்ட வேண்டும். திருச்செங்கோட்டுக்காரர் என்றால் அதன்மேல் போர்வெல் ரிக்கை ஏற்றிக்கொண்டு மத்தியப் பிரதேசம் வரை போவார். எங்கள் வீட்டுக்கு 2003இல் வந்த அசெம்பிள்டு கம்ப்யூட்டரும் ஒரு சேஸிஸ்தான். 128 எம்பி ராம், 40 ஜிபி ஹார்ட் டிஸ்க். பாடி கட்டியவர் பிரவுசிங் சென்டர் அண்ணன்.

டிப்ளமோவைப் பாதியில் விட்டவர். டிவிஎஸ் 50இல் வீட்டுக்கே வந்து ஏற்றித் தருவார், முப்பது ரூபாய். கையில் நீள நோட்டு ஒன்று இருக்கும். கேம் பெயர், அதற்கு நேரே சீரியல் கீ. ஆங்கில ஓவுக்கும் பூஜ்யத்துக்கும் குழப்பம் வராமல் இருக்கப் பூஜ்யத்தின் குறுக்கே கோடு போட்டிருப்பார். அவரிடம் நான் கற்றது, பின்னால் நான்கு வருடம் ஃபீஸ் கட்டிக் கற்றதைவிட அதிகம் என்று சொன்னால் என் அப்பா வருத்தப்படுவார். ஆனாலும் உண்மை.

அந்த வருடத்து ஜிடிஏ வைஸ் சிட்டியையே எடுத்துக்கொள்ளலாம். 2003 மே மாதம் கம்ப்யூட்டருக்கு வந்தது. இரண்டு சிடி, ஒன்று ஏற்றுவதற்கு, மற்றது ஓட்டுவதற்கு. 128 எம்பி ராமும், 32 எம்பி கிராபிக்ஸும், 915 எம்பி காலியிடமும் குறைந்தபட்சம் வேண்டும். எங்கள் ஊருக்கு வந்ததோ ஒரே சிடி. 'ரிப்' என்பார்கள். பாட்டையும் வீடியோவையும் பிய்த்தெடுத்து, மிச்சத்தை இறுக்கி மூட்டை கட்டிய பதிப்பு. அதில் நெக்ஸ்ட் பட்டன் கிடையாது. ஒரு பேட்ச் ஃபைலைத் தட்டினால் கறுப்புத் திரையில் ஃபைல் பெயர்களாக ஓடும். முக்கால் மணி நேரம். அதற்குள் கரண்ட் போனால் முதலில் இருந்து. அந்த நகரத்தில் காருக்குள் ஏறினால் ரேடியோ பாடும் என்பது எனக்கு 2007 வரை தெரியாது. நான்கு வருடம் ஊமை நகரத்தில் கார் ஓட்டியிருக்கிறேன்.

ஏறி முடிந்ததும் 'கிராக்' என்ற ஃபோல்டரைத் திறந்து, உள்ளே இருக்கும் எக்ஸ்இ ஃபைலைக் காப்பி செய்து, சி டிரைவில் புரோகிராம் ஃபைல்ஸுக்குள் கேமின் ஃபோல்டரைத் தேடி, பழையதன் மேலேயே ஒட்ட வேண்டும். "ரீப்ளேஸ் பண்ணட்டுமானு கேக்கும், பயப்படாம எஸ் குடு தம்பி." ஃபைல் என்றால் என்ன, அது எங்கே குடியிருக்கிறது, டிஎல்எல் காணோம் என்று சொன்னால் எங்கே தேடுவது, ரெஜிஸ்ட்ரியில் எதைத் தொடக்கூடாது, எல்லாம் இந்த வழியில் வந்த அறிவு. ஆல்கஹால் 120% என்று ஒரு மென்பொருள் இருந்தது, சிடியை நகலெடுத்து, சிடி இல்லாமலே சிடி இருப்பதுபோல் காட்டுவது. டெஸ்க்டாப்பில் அந்தப் பெயரைப் பார்த்துவிட்டு அப்பா இரண்டு நாள் என்னிடம் பேசவில்லை.

கிராக்குகளோடு ஒரு நோட்பேட் ஃபைலும் வரும். எழுத்துகளாலேயே வரைந்த மண்டையோடு, கொடி, அதற்குக் கீழே குழுவின் பெயர். ரேசர் 1911 என்ற குழு 1985இல் நார்வேயில் தொடங்கியது. 2001 டிசம்பரில் அமெரிக்க அரசு ஆபரேஷன் பக்கனீர் என்று இந்தக் குழுக்களின்மேல் பல நாடுகளில் சோதனை நடத்தியது. நார்வேக்காரன் உடைத்தது எத்தனை கை மாறி ராசிபுரம் வந்தது என்று யோசித்தால் இப்போதும் வியப்புதான். "கேம் பிடித்திருந்தால் காசு கொடுத்து வாங்குங்கள்" என்று அந்த ஃபைல்களின் கடைசியில் எழுதியிருப்பார்கள். நாங்கள் அதைப் படித்துச் சிரித்தோம். ஒரிஜினல் விலை, அண்ணன் கடையில் பையனுக்குக் கொடுத்த மாதச் சம்பளத்தைத் தொடும்.

இனி அந்தப் பூட்டுக்கு வருகிறேன். மாமா வாங்கி வந்த சிடியில் இருந்தது சேஃப்டிஸ்க், மேக்ரோவிஷன் நிறுவனத்துடையது. தொண்ணூறுகளின் இறுதியில் இருந்து நூற்றுக்கணக்கான கேம்களில் வந்தது. சிடியின் ஒரு பகுதியில் வேண்டுமென்றே படிக்க முடியாத இடங்களை வைத்திருப்பார்கள். நகலெடுக்கும் மென்பொருள் அங்கே வந்து திணறும், அல்லது அவற்றைச் சரிசெய்து எழுதிவிடும். கேம் தொடங்கும்போது அந்தப் பழுதுகள் இருக்கின்றனவா என்று பார்க்கும். பழுது இருந்தால் ஒரிஜினல், பழுது இல்லை என்றால் திருட்டு! அதன் பிறகே பூட்டி வைத்த நிரலைப் பிரிக்கும். இதற்காக விண்டோஸின் அடிமடியிலேயே செக்டிஆர்வி என்ற டிரைவர் ஒன்று உட்கார்ந்திருந்தது.

அடிமடியில் உட்கார்ந்திருப்பவன் கெட்டால் வீடே போச்சு. 2007இல் அந்த டிரைவரின் ஓட்டை வழியாகக் கம்ப்யூட்டரின் முழு அதிகாரத்தையும் பிடிக்கலாம் என்று தெரிந்து, டிசம்பரில் மைக்ரோசாஃப்ட் அவசரமாகத் தைத்தது. 2015இல் விண்டோஸ் 10 வந்தபோது அந்த டிரைவரைச் சேர்க்கவே இல்லை. அதே செப்டம்பரில் பழைய விண்டோஸ்களிலும் ஓர் அப்டேட் மூலம் அதை அணைத்துவிட்டார்கள். பாதுகாப்பு என்று பார்த்தால் சரியான முடிவு, நானாக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன். விளைவு, நியாயமாக வாங்கிய சிடிகள் வாயடைத்துப்போயின. மைக்ரோசாஃப்டே 1999இல் வெளியிட்ட ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 சிடியிலும் இதே பூட்டுதான். பூட்டை உடைத்து எடுத்த நகல்களுக்கு மட்டும் ஒன்றும் ஆகவில்லை.

கம்பெனிகளுக்கும் இந்த இக்கட்டு வந்தது. 2008 ஜூலையில் யூபிசாஃப்ட், ரெயின்போ சிக்ஸ் வேகாஸ் 2 கேமை டவுன்லோடாக வாங்கியவர்களிடம் ஓர் அப்டேட்டுக்குப் பிறகு சிடி கேட்கத் தொடங்கியது. இல்லாத சிடிக்கு எங்கே போவது? யூபிசாஃப்ட் ஒரு தீர்வு ஃபைல் கொடுத்தது. திறந்து பார்த்தால் அது ரீலோடட் என்ற குழுவின் கிராக். 2010இல் ஸ்டீமில் காசுக்கு விற்ற மேக்ஸ் பெய்ன் 2 கேமின் எக்ஸ்இக்குள் மித் என்ற குழுவின் சின்னம் கிடந்தது. பூட்டின் சாவியைத் தொலைத்த வீட்டுக்காரர், திருடனைக் கூப்பிட்டுக் கதவைத் திறந்துகொண்ட மாதிரி.

இதை வைத்து நாங்கள் செய்தது சரி என்று நான் சொல்ல வரவில்லை. நம் காப்புரிமைச் சட்டத்தில் 1994இல் சேர்த்த 63பி பிரிவு, திருட்டு நகல் என்று தெரிந்தே கம்ப்யூட்டரில் பயன்படுத்தினால் குறைந்தது ஏழு நாள் சிறை, ஐம்பதாயிரம் அபராதம் என்கிறது. வியாபார நோக்கம் இல்லையென்றால் நீதிமன்றம் சிறையைத் தவிர்க்கலாம். 2004இல் தமிழ்நாடு குண்டர் சட்டத்தில் வீடியோ திருட்டையும் சேர்த்தார்கள். குறி சினிமா சிடி மேல்தான், ஆனாலும் அந்த வருடம் அண்ணன் கேம் சிடிகளைக் கோழித்தீவன மூட்டைக்குள் வைத்திருந்தார். இன்று நான் இருக்கும் குழு, லைசென்ஸ் முடிந்த வாடிக்கையாளருக்கு மென்பொருள் எந்த நொடியில் நின்றுபோக வேண்டும் என்று எழுதுகிற குழு. அந்த நிரலை எழுதும் நாட்களில் அண்ணனின் நீள நோட்டு ஞாபகத்துக்கு வரும். எந்தப் பக்கம் நிற்கிறேன் என்று அப்போது தெளிவாகச் சொல்ல முடிவதில்லை.

அதற்குப் பின் நடந்ததெல்லாம் வேகமாக நடந்தது. 2007 வாக்கில் பிஎஸ்என்எல் பிராட்பேண்ட் 500 ரூபாய் திட்டத்தில் இரவு 2 மணி முதல் காலை 8 வரை டவுன்லோடு இலவசம். இரண்டு எம்பிபிஎஸ், ஆறு மணி நேரம், கணக்குப் போட்டால் ஐந்து ஜிபி சொச்சம். ஓர் இரவுக்கு ஒரு டிவிடி. 8 மணிக்கு எழுந்து நிறுத்த மறந்து நான் அப்பாவுக்கு வைத்த பில்லைப் பற்றி எழுத மாட்டேன். 2011 செப்டம்பர் 15 அன்று அரசின் இலவச லேப்டாப் திட்டம் தொடங்கியது. விண்டோஸும் பாஸ் லினக்ஸும் போட்டு வந்த அந்த லேப்டாப்களில் எங்கள் பக்கத்துப் பையன்கள் வைஸ் சிட்டியைப் பென் டிரைவில் ஃபோல்டராகவே கொண்டுபோய் ஒட்டிக்கொண்டார்கள். சிடி இல்லை, கீ இல்லை. டேவ் காலத்து நகலெடுப்புக்கே திரும்பிவிட்டது. 2012இல் மணிக்கணக்காகக் கரண்ட் இல்லாதபோதும் பேட்டரியில் ஓடியது. 2015 கடைசியில் ஸ்டீம் ரூபாயில் விலை போட்டது. அடுத்த வருடம் ஜியோ வந்தது, கூடவே போன். அண்ணனிடம் ஏற்ற யாரும் வரவில்லை.

அவர் நம்பர் என்னிடம் இருந்தது. பையன் விடவில்லை, கூப்பிட்டேன். இப்போது தாலுகா ஆபீஸ் எதிரே ஆன்லைன் விண்ணப்பம் போட்டுத் தருகிறார். பின்னால் யாரோ, "எம்பட பட்டாவ ஏத்தியாச்சுங்களா?" என்று கேட்பது கேட்டது. கீ விஷயத்தைச் சொன்னேன்.

"நோட்டெல்லாம் பழைய பேப்பர்ல போயிருச்சு தம்பி. அந்தக் கேம் உங்க மாமா குடுத்ததுதான? ஒரிஜினல் பாக்ஸு இருக்குதா?"

"இருக்குதுங்கண்ணா. அது ஓட மாட்டேங்குது."

"ஓட வேண்டாம். புக்குக்குப் பின்னால ஸ்டிக்கர்ல கீ இருக்கும் பாரு. அத இதுல போடு."

இத்தனை வருடம் சாஃப்ட்வேர் கம்பெனியில் இருந்தும் எனக்கு அது தோன்றவில்லை. பையன் பெட்டியைக் கவிழ்த்துப் புத்தகத்தை எடுத்தான். ஸ்டிக்கர் இருந்தது. அவன் ஒவ்வொரு எழுத்தாக வாசிக்க, நான் அடித்தேன். ஏழாவது எழுத்தில் நின்று, "மாமா, இது ஓவா, சைபரா?" என்றான்.

ஃபோனை அவனிடம் கொடுத்தேன். "அண்ணங்கிட்டயே கேளு."