பரீட்சை கப்பலேறிய கதை

பதிவெண், உறையிட்ட வினாத்தாள், பெயர் தெரியாத விடைத்தாள். டி.என்.பி.எஸ்.சி. எழுதியவர்களுக்கு இவை பழகிய சங்கதிகள். அரசு வேலைக்குப் பரீட்சை வைக்கும் வழக்கத்தை வெள்ளைக்காரர்கள் கொண்டுவந்தார்கள் என்றே நம்மில் பலர் நினைக்கிறோம். அவர்களுக்கே அது இரவல் சரக்கு.

சீனத்தில் சூய் வம்சக் காலத்தில், சுமார் 605ஆம் ஆண்டில், இது முளைவிட்டது. சோங் வம்சத்தார் விடைத்தாளில் பெயர் இருக்கும் இடத்தைக் காகிதம் ஒட்டி மறைத்தார்கள். கையெழுத்து ஆளைக் காட்டிக்கொடுத்துவிடுமே? அதற்காக எழுத்தர்களை உட்காரவைத்து எல்லா விடைகளையும் பிரதியெடுத்தார்கள்; திருத்துபவர் கைக்குப் போனது பிரதி மட்டுமே. பிற்காலத்தில் மாகாணப் பரீட்சைக்கு வந்தவர் ஓர் ஆள் மட்டுமே உட்காரக்கூடிய குச்சறையில் நாள்கணக்கில் அடைபட்டு, அங்கேயே சாப்பிட்டு, அங்கேயே சுருண்டு படுத்து எழுதினார். சிபாரிசை ஒழிக்க இவ்வளவு பாடு.

கிழக்கிந்தியக் கம்பெனிக்கு அந்தக் கவலை கிடையாது. இயக்குநரைத் தெரிந்தவர் பிள்ளைக்குச் சென்னையிலோ கல்கத்தாவிலோ வேலை உறுதி. 1806இல் இங்கிலாந்தில் ஒரு கல்லூரியும் (பின்னாளில் ஹெய்லிபரி), 1812இல் சென்னையில் கோட்டைக் கல்லூரியும் வந்தன. கோட்டைக் கல்லூரிக்குப் பின்னால் இருந்தவர், திருக்குறளுக்கு உரை எழுதத் தொடங்கிய எல்லிஸ். இளம் துரைமார் அங்கே தமிழோ தெலுங்கோ படித்துப் பரீட்சை எழுதினார்கள். ஆனால் வேலை கிடைத்த பிறகு எழுதிய பரீட்சைதான் அது.

பெருங்கடலுக்கு அப்பால் கனடாவிலும் இதே கதைதான். மொன்றியலுக்கு மேற்கே, டோர்வலை ஒட்டிய லஷீனில், மென்மயிர்த்தோல் வியாபாரம் செய்த ஹட்சன் பே கம்பெனியின் ஆளுநர் ஜார்ஜ் சிம்ப்சன் இருந்தார். லண்டனில் மாமாவின் சர்க்கரை வியாபாரத்தில் குமாஸ்தாவாக இருந்தவருக்கு, அந்தக் கடைப் பங்காளியின் தயவில் 1820இல் கனடா வேலை கிடைத்தது. 1832இல் தம் கீழிருந்த அதிகாரிகளைப் பற்றி இரகசியக் குறிப்பேடு ஒன்று எழுதினார். அதில் பெயர்கள் இல்லை, எண்கள்தான். எந்த எண் யார் என்ற விவரம் தனித் தாளில். சீனர்கள் நியாயம் வேண்டிப் பெயரை மறைத்தார்கள். சிம்ப்சன் மனம்விட்டு வைவதற்காக மறைத்தார்! டோர்வல் தீவிலிருந்த கோடை வீட்டில் 1860 ஆகஸ்டில் வேல்ஸ் இளவரசருக்கு விருந்து வைத்தார். இரோக்குவா ஆட்கள் துடுப்புப் போட்ட ஓடங்கள் அணிவகுத்தன. அடுத்த மாதமே இறந்துபோனார்.

அதற்குள் சீனச் சரக்கு லண்டன் போய்ச் சேர்ந்திருந்தது. கான்டனில் தூதரக மொழிபெயர்ப்பாளராக இருந்த தாமஸ் டெய்லர் மெடோஸ், 1847இல் ஒரு புத்தகம் போட்டு, நாமும் இப்படிப் பரீட்சை வைக்கலாமே என்றார். பிடிக்காதவர்கள் சீனத்துக் கூத்து என்று கேலி செய்தார்கள். ஆனாலும் 1853இல் கிழக்கிந்தியக் கம்பெனி இயக்குநர்களின் நியமன உரிமை பறிபோக, 1855இல் லண்டனில் இந்திய வேலைகளுக்கான முதல் போட்டித் தேர்வு நடந்தது. அதற்குத் திட்டம் வகுத்த மெக்காலே குழு போட்ட மதிப்பெண் பட்டியல் சுவையானது: லத்தீனுக்கு 750, கிரேக்கத்துக்கு 750, சமஸ்கிருதத்துக்கும் அரபிக்கும் தலா 375. தமிழகத்தை ஆளப்போகிறவருக்குத் தமிழில் ஒரு மதிப்பெண்கூட இல்லை. தேறிய பிறகு படித்துக்கொள்ளலாம் என்பது மெக்காலேயின் கணக்கு. ஹெய்லிபரிப் பழசுகளோ புதிதாக வந்தவர்களைக் குதிரையேறத் தெரியாத புத்தகப் புழுக்கள் என்று முகம் சுளித்தார்கள்.

பிரிட்டனுக்குள்ளும் பரீட்சை வேண்டும் என்று 1854இல் அறிக்கை கொடுத்த இருவரில் டிரெவெல்யன் பிறகு சென்னை ஆளுநரானார். மற்றவர் நார்த்கோட் 1869இல் ஹட்சன் பே கம்பெனியின் தலைமை ஆளுநர் ஆனார். சிபாரிசில் உயர்ந்த சிம்ப்சனின் கம்பெனிக்குத் தலைவராக, சிபாரிசை ஒழிக்கக் கிளம்பியவரே வந்து உட்கார்ந்தார். கதை எழுதுகிறவருக்குக்கூட இப்படித் தோன்றாது.

இலங்கையில் 1875இல் பொன்னம்பலம் அருணாசலம் இந்தப் பரீட்சை வழியே சிவில் சேவைக்குள் நுழைந்தார். அப்படி நுழைந்த முதல் இலங்கையர் அவர். 1904இல், பின்னாளில் எழுத்தாளரான லெனார்டு வுல்ஃப், அதே சேவையில் சேர வால்டேரின் 90 தொகுதிகளோடும் ஒரு நாயோடும் கொழும்பில் வந்திறங்கினார். பரீட்சையில் சுமாராகத்தான் தேறியிருந்தார். அதனால் கிடைத்தது இலங்கை. யாழ்ப்பாணத் தெருவில் வுல்ஃப் குதிரை மேல் இருந்தபடி சாட்டையை நீட்டி எதையோ காட்டிக்கொண்டிருந்தபோது, அந்த வழியே வண்டியில் போன ஒரு தமிழ் வழக்கறிஞர், வேண்டுமென்றே தம் முகத்தில் அடித்ததாகப் புகார் கொடுத்தார். அடிக்கவே இல்லை என்று வுல்ஃப் சாதித்தார். நாளாக ஆக, தான் அங்கே அப்படிக் குதிரை மேல் உட்கார்ந்திருந்ததே அறைந்ததற்குச் சமம்தானோ என்று யோசிக்கத் தொடங்கினார். 1912இல் வேலையை விட்டார். பரீட்சை லஞ்சத்தையும் உறவையும் தடுத்திருக்கலாம். தேறி வந்தவரின் தலைக்கனத்துக்கு அதில் மருந்து இல்லை. சிபாரிசில் வந்தவருக்கு ஓரளவு கூச்சமாவது இருந்திருக்கும் என்பது என் எண்ணம்.

கனடா மெதுவாகத்தான் வழிக்கு வந்தது. 1882இல் தேர்வாளர் குழு வைத்தார்கள். ஆனாலும் கட்சிக்காரர் தயவு ஓயவில்லை. 1908இல் சிவில் சேவை ஆணையம் பிறந்தது. 1918இல் ஒட்டாவாவுக்கு வெளியே இருந்த கூட்டாட்சி வேலைகளும் அதன் கைக்குள் வந்தன.

இன்று டோர்வலில் இருக்கும் மொன்றியல் விமான நிலையத்தில் சுங்க அதிகாரி "போன்ஜூர், ஹலோ" என்று இருமொழியில் வரவேற்பதற்குப் பின்னாலும் ஒரு பரீட்சை உண்டு. வாசிப்பு, எழுத்து, பேச்சு மூன்றுக்கும் ஏ, பி, சி என்று ஏறிக்கொண்டே போகும் தரம். மேற்பார்வையாளராக வேண்டுமானால் 'சி-பி-சி' கேட்கிறார்கள். பேச்சில் 'சி' வாங்குவதற்குள் பலருக்கு விழி பிதுங்கிவிடும். கியூபெக்கின் 1977ஆம் ஆண்டு மொழிச் சட்டத்தால் குடியேறியவர்களின் பிள்ளைகள் பெரும்பாலும் பிரெஞ்சுப் பள்ளிக்கே போகிறார்கள். வீட்டில் தமிழ், வகுப்பில் பிரெஞ்சு, தொலைக்காட்சியில் ஆங்கிலம் என்று வளர்ந்த மொன்றியல் தமிழ்ப் பிள்ளைகளுக்கு இந்த விஷயத்தில் டொரொண்டோ உறவுக்காரர்களைவிட ஒரு படி கூடுதல்தான்.