சாரா பெர்னார்

சாரா பெர்னார் (1844–1923) பிரான்சு நாட்டைச் சேர்ந்த புகழ்பெற்ற நாடக நடிகை ஆவார். இவரது பெரும் புகழுக்குக் காரணம் இவரது குரல். "பொற்குரல்" என்றே அது அழைக்கப்பட்டது. அத்தகைய நடிகை, தம் முதுமையில், குரலே கேட்காத ஊமைப் படங்களில் நடித்தார் என்பது திரைப்பட வரலாற்றில் குறிப்பிடத்தக்க செய்தியாகும்.

நாடக வாழ்க்கை

பாரிசில் பிறந்த சாரா, அங்குள்ள கன்சர்வத்துவார் கல்விக்கூடத்தில் நடிப்புப் பயின்றார். 1862இல் பிரான்சின் தேசிய நாடக அரங்கான கொமெதி பிரான்சேசில் முதன்முதலாக மேடையேறினார். அடுத்த ஆண்டு, தம் தங்கையைத் தள்ளிவிட்ட மூத்த நடிகை ஒருவரை அறைந்தார். மன்னிப்புக் கேட்க மறுத்ததால் அரங்கை விட்டு வெளியேற நேர்ந்தது.

பின்னர் ஓதெயோன் அரங்கில் சேர்ந்தார். 1869இல் பிரான்சுவா கொப்பே எழுதிய ஒரு சிறு நாடகத்தில் இளம் பாடகனாக ஆண் வேடமேற்றுப் புகழ் அடைந்தார். 1870இல் பிரஷியப் படைகள் பாரிசை முற்றுகையிட்டபோது, அந்த அரங்கைக் காயமுற்ற வீரர்களுக்கான மருத்துவமனையாக மாற்றினார். 1872இல் கொமெதி பிரான்சேசு அவரை மீண்டும் அழைத்துக்கொண்டது. அங்கு 1874இல் இரசீனின் 'பெத்ர்' நாடகத்தில் ஏற்ற தலைமை வேடம் இவரது மிகச் சிறந்த வேடங்களுள் ஒன்றாகும்.

1880இல் அவ்வரங்கிலிருந்து விலகிச் சொந்தக் குழு அமைத்து, ஐரோப்பா, அமெரிக்கா, ஆத்திரேலியா எனப் பயணம் செய்தார். எங்கும் பிரெஞ்சு மொழியிலேயே நடித்தார். மொழி அறியாதவர்களும் அவரது குரலைக் கேட்கத் திரண்டனர். 1899இல் பாரிசில் தம் பெயரிலேயே ஓர் அரங்கைத் தொடங்கி, அதே ஆண்டில் ஆம்லெத்தாகவும் நடித்தார்.

திரைப்படங்கள்

1900ஆம் ஆண்டு பாரிசு உலகக் கண்காட்சியில், ஆம்லெத்தின் வாட்போர்க் காட்சியில் அவர் நடித்த குறும்படம் காட்டப்பட்டது. 1912இல் வெளியான 'எலிசபெத் அரசி' அவரது படங்களில் முதன்மையானது. அதே கதை மேடையில் தோல்வி கண்டிருந்தது. அப்போது திரைப்படம் மலிவான பொழுதுபோக்காகவே மதிக்கப்பட்டது. பெர்னாரின் பெயரே அதற்கு மதிப்பைத் தேடித்தந்தது. அப்படத்தை அமெரிக்காவில் வெளியிட்ட அடால்ஃப் சூக்கர், பின்னர் பாரமவுண்ட் நிறுவனத்தை வளர்த்தெடுத்தார்.

இன்று அப்படத்தைப் பார்ப்போருக்கு அவரது நடிப்பு மிகையாகத் தோன்றலாம். அரங்கின் கடைசி வரிசைக்கும் எட்டும்படி பழகிய கையசைவுகள் அவை. ஒளிப்படக்கருவியும் அசையாமல் தொலைவிலேயே நின்றது. குரலும் இல்லாதபோது, எஞ்சியது அசைவு மட்டுமே.

இறுதிக் காலம்

மேடையில் நேர்ந்த முழங்கால் காயம் முற்றி, 1915இல் அவரது வலக்கால் அகற்றப்பட்டது. ஆயினும் முதல் உலகப் போரின்போது நாற்காலியில் தூக்கிச் செல்லப்பட்டு, போர்முனை வீரர்களுக்காக நடித்தார். 1923இல் அவரது வீட்டிலேயே ஒரு படத்தின் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்த காலத்தில் நோய் முற்றியது. மார்ச் 26 அன்று காலமானார்.

20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் செய்யப்பட்ட சில ஒலிப்பதிவுகள் எஞ்சியுள்ளன. அவற்றில் அவரது குரலை இரைச்சலுக்கிடையே இன்றும் கேட்கலாம். உருவம் ஒருபுறமும் குரல் மறுபுறமுமாகவே அவர் நமக்குக் கிடைத்துள்ளார்.