கணக்கில் ஏறிய அணாவும் கணக்கில் ஏறாத உழைப்பும்: சென்னைப் பள்ளிக் குழந்தைகளின் சிற்றுண்டி வரலாறு

ஆய்வுச்சுருக்கம்

சென்னையில் பள்ளி செல்லும் சிறு குழந்தைகளுக்கு வீட்டில் செய்து டப்பாவில் வைத்தனுப்பப்படும் எளிய உணவின் வரலாற்றைப் பொதுப் பள்ளி உணவுத் திட்டங்களின் வரலாற்றோடு இணைத்து இக்கட்டுரை ஆராய்கிறது. 1920 முதல் பொதுத் திட்டங்கள் தீர்மானங்களாகவும் செலவுக் கணக்குகளாகவும் பதிவாகியுள்ளன. வீட்டு டப்பாவோ சமையல் நூல்களிலும் பாத்திரங்களிலும் சமையல் நுட்பங்களிலும் மட்டுமே தடம் பதித்துள்ளது. இரண்டிலும் அடங்கியுள்ள உழைப்பு ஒரே தன்மையது. ஒன்று கணக்கில் ஏறியது, மற்றொன்று ஏறவில்லை. வீட்டுச் சிற்றுண்டிக்கு நாம் சூட்டும் ‘எளிமை’ என்னும் அடைமொழி அவ்வுழைப்பு மறைக்கப்பட்டதன் விளைவு என்பதே இக்கட்டுரை நிறுவ முயலும் கருத்தாகும்.

திறவுச்சொற்கள்: சிற்றுண்டி, டிபன், மதிய உணவுத் திட்டம், சமையல் நூல், வீட்டு உழைப்பு, சென்னை

முன்னுரை

கற்றவர் எந்நாட்டிற்குச் சென்றாலும் அவருக்கு வழியுணவு வேண்டியதில்லை என்ற கருத்தைப் பழமொழி நானூறு உரைக்கிறது. வழியுணவைக் குறிக்க அந்நூல் ஆளும் சொல் ‘ஆற்றுணா’. கற்று முடித்தவருக்கு அது வேண்டாதிருக்கலாம். கற்கச் செல்லும் குழந்தைக்கோ அது இன்றியமையாதது. மயிலாப்பூர், ஆழ்வார்ப்பேட்டை, மந்தைவெளி ஆகியவற்றை அடுத்துள்ள அபிராமபுரத்தின் தெருக்களில் காலை எட்டு மணியளவில் நிற்பவர் இரு வகைக் குழந்தைகளைக் காணலாம். ஒரு சாரார் உணவு டப்பாவைச் சுமந்து செல்வர். மற்றொரு சாரார் பள்ளியில் கிடைக்கும் உணவை நம்பிச் செல்வர். கல்வி வரலாற்றாய்வுகள் இரண்டாம் சாராரின் உணவைக் குறித்து நிறையப் பேசியுள்ளன. முதற்சாராரின் டப்பா இல்லறத்துக்குரிய சிறு செய்தியாகவே ஒதுக்கப்பட்டுள்ளது. இவ்விரண்டையும் ஒரே வரலாற்றின் இரு கிளைகளாகக் காணும் தேவை இருக்கிறது.

கட்டுச்சோறும் டிபனும்

தமிழில் கட்டுச்சோறு, பொதிசோறு ஆகிய சொற்கள் பயணத்தோடு தொடர்புடையவை. பள்ளியோடு அவற்றுக்குத் தொடர்பு இருந்ததில்லை. திண்ணைப் பள்ளி மாணவரின் வீட்டுக்கு அருகிலேயே இருந்தது. விடியலில் பள்ளிக்கு வந்த சிறுவர்கள் காலை உணவுக்கும் நண்பகல் உணவுக்கும் வீடு திரும்பி, உண்டபின் மீண்டும் வந்தனர். எனவே உணவைச் சுமந்து செல்ல வேண்டிய தேவை அங்கு எழவில்லை.

காலையில் தொடங்கி மாலை வரை தொடர்ந்து நடக்கும் நவீனப் பள்ளியும், வீட்டுக்கும் பள்ளிக்குமிடையே பெருகிய தொலைவும் இந்நிலையை மாற்றின. 1895 முதல் 1953 வரை சென்னையில் ஓடிய மின்சார டிராமும் பின்னர்ப் பேருந்தும் தொலைவிலுள்ள பள்ளியைத் தேர்ந்தெடுக்க வழிசெய்தன. ஆயின் நண்பகலில் வீடு திரும்புவது அரிதாயிற்று. டப்பா உணவு, இவ்வகையில், பள்ளிக் கால அட்டவணையின் குழந்தை எனலாம்.

இம்மாற்றத்தோடு ‘டிபன்’ என்னும் சொல்லும் பொருள் மாறியது. 1886இல் வெளிவந்த ஹாப்சன்-ஜாப்சன் அகராதி, இந்தியாவிலிருந்த ஆங்கிலேயரின் நண்பகல் உணவைக் குறிக்கும் சொல்லாக அதனைப் பதிவு செய்கிறது. தமிழ்நாட்டிலோ அது சோற்றிலிருந்து வேறான இட்லி, தோசை, உப்புமா முதலியவற்றைச் சுட்டியது; ‘சிற்றுண்டி’ அதற்கு இணையாக நின்றது. டப்பாவையே ‘டிபன் பாக்ஸ்’ என்று அழைத்ததால், உணவும் கலமும் ஒரு சொல்லுக்குள் அடங்கின.

ஓர் அணாச் சிற்றுண்டி

பொதுப் பதிவேட்டில் பள்ளிக் குழந்தையின் உணவு இடம்பெற்றதும் இச்சொல்லின் வழியாகவே. 1920 செப்டம்பர் 16 அன்று சென்னை மாநகராட்சி மன்றம் ஆயிரம் விளக்குப் பகுதியிலிருந்த மாநகராட்சிப் பள்ளி மாணவர்களுக்கு டிபன் வழங்கத் தீர்மானித்தது. மாணவர் ஒருவருக்கு நாளொன்றுக்கு ஓர் அணாவுக்கு மிகாமல் செலவிடலாம் என்பது வரம்பு. அப்போது மாநகராட்சித் தலைவராக இருந்த பிட்டி தியாகராயர், அப்பள்ளி மாணவர்களின் வறுமை பள்ளியின் மாணவர் எண்ணிக்கையைப் பாதிக்கிறது என்பதைக் காரணமாகக் காட்டினார். இங்கிலாந்தில் 1906இல் இயற்றப்பட்ட கல்விச் சட்டம் உள்ளாட்சி அமைப்புகள் பள்ளியில் உணவு வழங்குவதற்கு இடமளித்திருந்தது. சென்னை மாகாணத் தொடக்கக் கல்விச் சட்டமும் 1920இல் நிறைவேறியது. குழந்தையைப் பள்ளிக்கு அழைத்துவரும் பொறுப்பை ஏற்ற அமைப்பு, அதன் பசியையும் கருத வேண்டியதாயிற்று.

பின்னர் மேலும் நான்கு பள்ளிகளுக்கு இவ்வேற்பாடு விரிந்தது. அவ்வைந்து பள்ளிகளின் மாணவர் எண்ணிக்கை 1922-23இல் 811ஆக இருந்து 1924-25இல் 1,671ஆக உயர்ந்தது. எனினும் தொடக்கக் கல்வி நிதியிலிருந்து இச்செலவை மேற்கொள்ள அரசு இசையாததால் 1925 ஏப்ரல் 1 முதல் அது நின்றது. 1927இல் 25 பள்ளிகளைச் சேர்ந்த 1,000 ஏழை மாணவர்களுக்கு மீண்டும் தொடங்கப்பட்டது.

இந்நிகழ்ச்சி ஓர் உண்மையைப் புலப்படுத்துகிறது. பொதுச் சிற்றுண்டி கணக்கில் இருந்தமையால் தணிக்கைக்கு உட்பட்டது. தணிக்கைக்கு உட்பட்டமையால் நிறுத்தவும்பட்டது. வீட்டுச் சிற்றுண்டிக்கு இத்தகைய இடையூறு நேரவில்லை. அதன் செலவினம் எந்த ஏட்டிலும் எழுதப்படாததே அதற்குக் காரணம்.

நான்கு மணி நேரத்தின் நுட்பம்

எழுதப்படாத இவ்வுழைப்பின் சான்றை உணவிலேயே தேட வேண்டும். காலை எட்டு மணிக்கு மூடப்படும் டப்பா நண்பகலில் திறக்கப்படுகிறது. இடைப்பட்ட நான்கு மணி நேரச் சென்னை வெப்பமே டப்பா உணவின் இலக்கணத்தை வகுத்தது எனலாம்.

தயிர்சாதம் இதற்குத் தலைசிறந்த சான்று. காலையிலேயே முழுதும் தயிரிட்டுப் பிசைந்தால் நண்பகலில் புளித்துவிடும். எனவே குழைய வடித்த சோற்றை ஆறவிட்டு, காய்ச்சிய பாலை மிகுதியாக ஊற்றி, ஒரு கரண்டித் தயிரை மட்டும் சேர்ப்பர். பள்ளி மணி அடிக்கும்போது டப்பாவுக்குள்ளேயே பால் பதமாகத் தோய்ந்திருக்கும். உணவைக் கெடுக்கும் வெப்பத்தையே உணவை ஆக்கும் கருவியாக மாற்றிய நுட்பம் இது. புளியோதரையிலும் எலுமிச்சைச் சாதத்திலும் புளிப்பும் எண்ணெயும் காப்பாக நிற்கின்றன. இட்லிக்குத் தேங்காய்ச் சட்னியை வைத்தால் நண்பகலுக்குள் கெட்டுவிடும். எனவே மிளகாய்ப்பொடியை நல்லெண்ணெயில் குழைத்து இட்லியின் இருபுறமும் தடவுவர். எண்ணெய்ப் பூச்சு இட்லியை உலராமல் காப்பதோடு சிறு விரல்களால் சிந்தாமல் எடுத்துண்ணவும் துணைபுரிகிறது. சுண்டலில் கோடைக்காலத்தில் தேங்காய்த் துருவலைத் தவிர்ப்பதும் இக்கருத்துப் பற்றியே. சூட்டோடு மூடினால் ஆவி நீராகி உணவை நசியச் செய்யும் என்பதால் எதனையும் ஆறவிட்டே மூடுவர்.

இடைவேளைக்குரிய தின்பண்டங்களான கடலை உருண்டை, பொரிவிளங்காய் உருண்டை, தட்டை, முறுக்கு ஆகியன ஈரப்பதம் குறைந்தவை. வறுத்தல், பாகு காய்ச்சுதல், பொரித்தல் ஆகிய மூன்றும் நீரை நீக்கும் வழிகள். விடுமுறை நாளில் செய்து வைத்தால் அடுத்து வரும் பள்ளி நாட்களுக்கு அவை உதவும்.

இந்நுட்பங்கள் பள்ளிப் பாடமாகக் கற்பிக்கப்பட்டவையல்ல. கோயில் பிரசாதம், பயண உணவு, பண்டிகைப் பலகாரம் ஆகியவற்றில் ஏற்கெனவே இருந்த அறிவைப் பெண்கள் பள்ளி மணிக்கேற்ப மாற்றிக்கொண்டனர்.

அச்சேறிய அடுக்களை

இவ்வறிவு அச்சில் ஏறியதற்கு எஸ். மீனாட்சி அம்மாளின் ‘சமைத்துப் பார்’ முதன்மைச் சான்றாகும். 1951இல் சென்னையில் வெளிவந்த இந்நூல் கலந்த சாத வகைகளையும் சிற்றுண்டி வகைகளையும் ஆழாக்கு முதலிய அளவைகளோடு படிப்படியாக விளக்கியது. மூத்தோர் அருகிலிருந்து கைப்பக்குவமாகக் கற்பித்ததை, அவர்கள் அருகில் இல்லாத தனிக்குடும்பப் பெண்ணுக்கு நூல் கற்பித்தது. அளவு எழுதப்பட்டது, செய்முறை எழுதப்பட்டது. ஆனால் அதற்குப் பெண் செலவிடும் நேரம் சமையல் நூல் மரபில் நெடுங்காலம் எழுதப்படவில்லை.

இச்சான்றின் எல்லையையும் சுட்டுதல் வேண்டும். இது எழுத்தறிவும் வசதியும் வாய்ந்த, மரக்கறி உண்ணும் குடும்பங்களின் அடுக்களையைக் காட்டும் நூல். மயிலாப்பூரை ஒட்டிய கடற்கரைக் குப்பங்களிலும் உழைக்கும் மக்களின் குடியிருப்புகளிலும் காலை உணவாக இருந்த பழைய சோறு டப்பாவுக்கு உரியதாகக் கருதப்படவில்லை. டப்பா என்பதே சமூக அடையாளமாகவும் இருந்தது. அதனைத் திறக்கும்போது வீட்டின் சாதியும் வருவாயும் மணத்தின் வழியே வகுப்பறைக்கு வந்தன.

1998இல் தொடங்கிய அவள் விகடன் முதலிய மகளிர் இதழ்களில் ‘30 வகை’ என்னும் வாய்பாட்டில் சமையல் இணைப்புகள் பெருகின. அன்றாடம் ஒரே தயிர்சாதம் போதும் என்ற நிலை மாறி, நாளுக்கொரு வகை என்பது நல்ல தாய்க்குரிய இலக்கணமாக முன்வைக்கப்பட்டது. செய்முறை எளிமையாயிற்று, எதிர்பார்ப்போ பெருகிற்று.

எளிமையின் பின்புலம்

இன்று ‘பத்து நிமிடத்தில்’ செய்யத்தக்கதாகக் கூறப்படும் இட்லியின் பின்னணி நோக்கத்தக்கது. அரிசியையும் உளுந்தையும் முன்கூட்டியே ஊறவைத்து, ஆட்டுக்கல்லில் நெடுநேரம் ஆட்டி, இரவு முழுதும் புளிக்கவைக்க வேண்டும். மின்சார மாவரைக்கும் இயந்திரம் 1950களின் நடுவில் கோயம்புத்தூரில் உருவானது. 1950களின் இறுதியில் பிரஷர் குக்கர் இந்தியாவில் உற்பத்தியாயிற்று. பின்னர்ச் சமையல் எரிவாயுவும் குளிர்சாதனப் பெட்டியும் பரவின. ஈயம் பூசாவிடில் புளிப்புணவு களிம்பேறும் பித்தளைப் பாத்திரத்தின் இடத்தை எவர்சில்வர் பிடித்தது. தயிர்சாதமும் புளியோதரையும் அச்சமின்றி நெடுநேரம் டப்பாவில் இருக்க இம்மாற்றம் உதவியது.

கருவிகள் உழைப்பைக் குறைத்தன, நீக்கிவிடவில்லை. 2019ஆம் ஆண்டுக்கான தேசிய நேரப் பயன்பாட்டு ஆய்வின்படி, ஊதியமற்ற வீட்டுப் பணிகளில் ஈடுபட்ட பெண்கள் அதற்கு நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடங்கள் செலவிட்டனர். ஈடுபட்ட ஆண்கள் 97 நிமிடங்கள் செலவிட்டனர். எளிய சிற்றுண்டியின் எளிமை, இவ்வேறுபாட்டின் மேல் எழுப்பப்பட்டதாகும்.

இரு கிளைகளின் சந்திப்பு

1956இல் காமராசர் ஆட்சியில் மதிய உணவுத் திட்டம் மாநில அளவில் விரிவடைந்தது. 1982 ஜூலை 1 அன்று எம்.ஜி.ஆர். தொடங்கிய சத்துணவுத் திட்டம் ஊரகத்தில் அறிமுகமாகி, அதே ஆண்டு செப்டம்பரில் நகரப் பகுதிகளுக்கும் வந்தது. சத்துணவு மையங்களில் அமைப்பாளர், சமையலர், சமையல் உதவியாளர் ஆகிய பணியிடங்கள் உருவாயின. பெரும்பாலும் பெண்களே அமர்த்தப்பட்டனர். வீட்டில் பெயரின்றி நடந்த பணி இங்குப் பணிப்பெயர் பெற்றது. ஆயினும் காலமுறை ஊதியம் கோரிச் சத்துணவு ஊழியர்கள் தொடர்ந்து போராடி வருவது, கணக்கில் ஏறிய உழைப்பும் முழுமையாக மதிக்கப்படவில்லை என்பதைக் காட்டுகிறது.

உணவு வகையிலும் இரு கிளைகள் நெருங்கின. 1989இல் முட்டை சேர்ந்தது. 2013இல் கலவை சாதத் திட்டம் முன்னோட்டமாகத் தொடங்கி, எலுமிச்சைச் சாதம், புளியோதரை முதலியவற்றைச் சத்துணவுக்குள் கொண்டுவந்தது. வீட்டு டப்பாவின் உணவு அரசுத் தட்டுக்கு வந்தது. 2022 செப்டம்பர் 15 அன்று தொடங்கிய முதலமைச்சரின் காலை உணவுத் திட்டம் உப்புமா, கிச்சடி, பொங்கல் ஆகியவற்றை வழங்குகிறது. 1920இன் தீர்மானத்திலிருந்த ‘டிபன்’ நூறாண்டுக்குப் பின் மீண்டும் பள்ளிக்கு வந்தது எனலாம். ஓராண்டு கழித்து, 2023 செப்டம்பர் 15 அன்று, கலைஞர் மகளிர் உரிமைத் தொகை தொடங்கப்பட்டது. குடும்பத் தலைவியின் ஊதியமற்ற உழைப்பை ஏற்கும் வகையில் தகுதியுடையோர்க்கு மாதம் 1,000 ரூபாய் வழங்கும் இத்திட்டம், வீட்டு உழைப்பையும் அரசின் வரவுசெலவு ஏட்டில் இடம்பெறச் செய்தது. அத்தொகை போதுமா என்பது தனி விவாதம். அவ்வுழைப்பு ஏட்டில் ஏறியதே வரலாற்றில் கருதத்தக்கது.

முடிவுரை

பள்ளிக் குழந்தையின் நண்பகல் பசியைச் சென்னை நகரம் இரு வழிகளில் எதிர்கொண்டது. பொது வழியில் 1920ஆம் ஆண்டின் ஓர் அணா முதல் ஒவ்வொரு செலவும் எழுதப்பட்டது, விவாதிக்கப்பட்டது, நிறுத்தப்பட்டது, மீட்கப்பட்டது. வீட்டு வழியில், ஒரு கரண்டித் தயிரின் அளவைக் கணித்த அறிவும் விடியலுக்குமுன் தொடங்கிய உழைப்பும் எழுதப்படாமல் நிலைத்தன. எழுதப்படாதது எளிதாகத் தோன்றிற்று. பள்ளி உணவு வரலாற்றை எழுதுவோர் அரசாணைகளோடு சமையல் நூல், மகளிர் இதழ், பாத்திரம், முதிய பெண்களின் வாய்மொழி ஆகியவற்றையும் மூலங்களாகக் கொள்ளும்போதே இவ்வரலாறு முழுமை பெறும். அவற்றுள் வாய்மொழிச் சான்று விரைவில் மறையக்கூடியது. ஆகவே ஆட்டுக்கல்லில் மாவாட்டிக் குழந்தைகளைப் பள்ளிக்கு அனுப்பிய தலைமுறையினரின் நினைவுகளை முதலில் பதிவு செய்வது ஆய்வாளர்களின் கடமையாகிறது.