கிழமையில்லாத நாள்: ஒரு கற்பனை நாட்காட்டியை முன்வைத்து

1

நிலமும் பொழுதும்தான் முதற்பொருள் என்று தமிழ் இலக்கணம் படித்தவர்களுக்குத் தெரியும். கற்பனையில் ஓர் உலகத்தைச் செய்கிறவனுக்கும் இதே விதிதான். நிலத்துக்கு வரைபடம் போட்டவர்கள் நிறையப் பேர். பொழுதையும் சேர்த்துச் செய்தவர்கள் ரொம்பக் குறைவு. ஜே.ஆர்.ஆர். டோல்கீன் செய்தார். 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நாவலின் மூன்றாம் பாகம் 1955 அக்டோபரில் வந்தது. அதன் பின்னிணைப்புகளில் ஒன்று முழுக்க நாட்காட்டிகளைப் பற்றியது. கதைக்காகப் படிக்கிறவர்கள் புரட்டிவிட்டுப் போகிற பக்கங்கள். அவற்றை ஓர் அரசியல் பிரதியாக வாசிக்க வேண்டும் என்பது என் கட்சி.

நாவலில் ஹாபிட்டுகள் குள்ளமான உழவர் குடிகள். அவர்களுடைய நாடு ஷயர். அங்கே 12 மாதங்கள், ஒவ்வொன்றுக்கும் 30 நாட்கள். மிச்சம் 5 நாட்கள் எந்த மாதத்திலும் சேராது: ஆண்டு முடிகிற நாளும் பிறக்கிற நாளுமாக இரண்டு, நடுக்கோடையில் மூன்று. நெட்டாண்டில் கோடையில் இன்னொரு நாள் கூடும். மாதப் பெயர்கள் பெரும்பாலும், பீட் என்கிற துறவி 8ஆம் நூற்றாண்டில் பதிவு செய்த பழைய ஆங்கில மாதப் பெயர்களின் வழிவந்தவை. டோல்கீன் ஆக்ஸ்ஃபோர்டில் பழைய ஆங்கிலம் கற்பித்தவர். ஆக, இது வெறும் புனைவு அல்ல. கிறித்தவம் மூடிய ஒரு காலக்கணக்கைத் தோண்டி எடுத்த வேலை.

சிக்கல் வாரத்தில்தான். 52 வாரம் என்றால் 364 நாள். மிஞ்சுகிற அந்த ஒரு நாள்தான் ஆண்டுக்கு ஆண்டு கிழமையைத் தள்ளிவிடுகிறது. ஹாபிட்டுகள் ஒரு சீர்திருத்தம் செய்தார்கள். நடுஆண்டு நாளுக்கும் நெட்டாண்டின் கூடுதல் நாளுக்கும் கிழமையே கிடையாது என்று வைத்துவிட்டார்கள். அதற்கப்புறம் எந்தத் தேதிக்கும் என்றைக்கும் ஒரே கிழமைதான். கடிதத்தில் கிழமை எழுதுகிற பழக்கமே போய்விட்டது. ஊருக்குள் இது சௌகரியம், வெளியூர் போனால்தான் தொல்லை என்று டோல்கீன் கிண்டலாக ஒரு வரி சேர்க்கிறார்.

2

இதே தந்திரத்தைத்தான் அந்த ஆண்டுகளில் ஐக்கிய நாடுகள் அவை விவாதித்துக்கொண்டிருந்தது. எலிசபெத் அகெலிஸ் 1930இல் அமெரிக்காவில் தொடங்கிய உலக நாட்காட்டிச் சங்கம், டிசம்பர் 30க்குப் பிறகு கிழமையில்லாத ஓர் 'உலக நாள்' வேண்டும் என்றது. அதை அவைக்குக் கொண்டுபோனது இந்தியா. நம் நாட்டு நாட்காட்டிச் சீர்திருத்தக் குழுவின் தலைவரும் இயற்பியலாளருமான மேகநாத் சாகா 1954இல் ஜெனீவா போய் வாதாடினார். 1955இல் அமெரிக்கா எதிர்த்தது. அடுத்த ஆண்டு திட்டம் கிடப்பில் போடப்பட்டது. எதிர்ப்புக்குக் காரணம் மதம். ஏழு நாளுக்கு ஒருமுறை வரும் ஓய்வுநாளின் தொடர்ச்சியை ஒரு கிழமையில்லாத நாள் அறுத்துவிடும். அறுந்தால், யூதரின் சனிக்கிழமை அலுவலக வாரத்தின் நடுவில் எங்கேயோ போய் விழும்.

மூடநம்பிக்கை பகுத்தறிவை வென்றது என்று இதை முடித்துவிடலாம். அப்படி முடிப்பது அவசரம். கிழமை என்பது மதச் சங்கதி மட்டுமல்ல. உழைப்பவன் எப்போது கையைக் கழுவிவிட்டு உட்காரலாம் என்கிற கணக்கும் கூட. பிரெஞ்சுப் புரட்சி 1793இல் கொண்டுவந்த நாட்காட்டியும் ஷயரைப் போலவே 12 மாதம், 30 நாள், மிச்சம் 5 நாள் கொண்டதுதான். கூடவே வாரத்தைப் பத்து நாளாக்கியது. விளைவு? ஆண்டுக்கு 52ஆக இருந்த ஓய்வுநாட்கள் 36ஆகக் குறைந்தன. பாதிரியாரை விரட்டிய அதே கத்தி கூலிக்காரனின் ஞாயிற்றுக்கிழமையையும் வெட்டியது. 1806 ஜனவரி 1 முதல் நெப்போலியன் அதை ரத்துசெய்தான்.

சோவியத் யூனியன் 1929இல் ஐந்து நாள் சுழற்சியைக் கொண்டுவந்தது. தொழிலாளர்கள் ஐந்து குழுக்கள். ஒவ்வொன்றுக்கும் வெவ்வேறு ஓய்வுநாள். இயந்திரம் நிற்காது. ஆனால் கணவனுக்கு ஓய்வு வரும் நாளில் மனைவிக்கு வேலை. எல்லோரும் கூடி உட்கார ஒரு நாள் இல்லையென்றால் ஓய்வுக்கு என்ன அர்த்தம்? 1931இல் பொது ஓய்வுநாளோடு ஆறு நாள் வாரம் வந்தது. 1940இல் பழைய ஏழு நாளே திரும்பியது.

ஹாபிட்டுகளின் சீர்திருத்தம் ஏன் சண்டையில்லாமல் நடந்தது என்பது இப்போது விளங்கும். ஷயரில் கோயில் இல்லை, ஆலைச் சங்கு இல்லை. ஓய்வுநாளை யாரிடமிருந்தும் பிடுங்க வேண்டியிருக்கவில்லை. வாரக் கடைசி நாளில் மதியத்துக்கு மேல் விடுமுறை, ராத்திரி விருந்து. இனிமையான உலகம்தான். வர்க்க முரண்பாட்டை வெளியே நிறுத்திவிட்டுத்தான் இந்த இனிமையைக் கட்ட முடிகிறது.

3

ஆனால் பிரதி அதை எழுதியவரை மீறுகிற ஓர் இடமும் இதே பின்னிணைப்பில் இருக்கிறது. டோல்கீன் பழமைவாதி, கத்தோலிக்கர், முடியாட்சியில் பிரியமுள்ளவர். போர் முடிந்து அரசன் திரும்பியதும் கொண்டோர் அரசு புதிய கணக்கைத் தொடங்குகிறது: எதிரி வீழ்ந்த மார்ச் 25தான் இனி ஆண்டுப்பிறப்பு. தேதி தற்செயலானது அல்ல. மார்ச் 25 மேரிக்குத் தேவதூதர் செய்தி சொன்ன திருநாள். இங்கிலாந்தில் 1751 வரை சட்டப்படியான ஆண்டுப்பிறப்பும் அதுவே.

ஹாபிட்டுகள் இதை ஏற்கவில்லை. அந்தப் போரை வென்று கொடுத்ததே அவர்கள் ஆட்கள்தான். இருந்தும் அரசனின் மார்ச் 25ஐ அவர்கள் கொண்டாடவில்லை. பழைய கணக்கு, பழைய ஆண்டுப்பிறப்பு. புதிய யுகம் பிறந்தது எங்கள் வருஷப்பிறப்பன்றுதான் என்று சாதித்தார்கள். அதேசமயம் ஒரு வட்டாரத்தில் மட்டும் ஏப்ரல் 6 அன்று மைதானத்தில் கூடி ஆடுகிற வழக்கம் உண்டானது. ஏன் என்று கேட்டால் மூன்று பதில்: சாம் என்கிற தோட்டக்காரக் கிழவரின் பிறந்தநாள் என்பார்கள், பொன்மரம் பூத்த நாள் என்பார்கள், எல்ஃபுகளின் புத்தாண்டு என்பார்கள்.

இங்கிலாந்து 1752இல் 11 நாட்களை நீக்கியபோது பழைய மார்ச் 25 ஏப்ரலுக்கு நகர்ந்தது. பிரிட்டனின் வரி ஆண்டு இன்றும் ஏப்ரல் 6இல்தான் தொடங்குகிறது. டோல்கீன் இதை மனதில் வைத்து எழுதினாரா என்பது நம் கேள்வி அல்ல. கருவூலம் பழைய ஆண்டுப்பிறப்பை வரிக்காக வைத்துக்கொண்டது. அவருடைய ஹாபிட்டுகள் அதே தேதியில் ஆடுகிறார்கள்.

சாகா குழுவின் சக நாட்காட்டி 1957 மார்ச் 22 முதல் நம் தேசிய நாட்காட்டி. அரசிதழில் அச்சாகிறது; கல்யாணப் பத்திரிகையில் யாரும் போடுவதில்லை. கணக்கு சரியாக இருந்தால் மட்டும் காலம் மாறிவிடாது. புதிய ஆண்டு, புதிய சகாப்தம் என்று பேசுகிற இயக்கங்கள் பெயர்ப் பட்டியலுக்கு முன்னால் ஒரு கேள்வியைக் கேட்டுக்கொள்ளலாம்: இதில் யாருக்கு எந்த நாள் ஓய்வு, அவர்கள் யாரோடு கூடி உட்கார முடியும்?