ஒளிப் பெட்டியும் ‘நெய்ஜுவான்’ என்ற சொல்லும்

நம் தளங்களில் லிஃப்ட்டுக்குப் பக்கத்து டக்ட்டைத் திறந்து பார்த்திருப்பீர்கள். ஃபைபர் வயர்கள் கொடி மாதிரி சுருண்டு தொங்கும். அதில் ஒன்று உங்கள் வீட்டுக்குள் வந்து ஒரு சின்னப் பெட்டியில் முடிகிறது. அந்தப் பெட்டிக்குள் ஒரு லேசர் இருக்கிறது. மின் துடிப்பை ஒளியாக்கி அனுப்புவதும், வரும் ஒளியை மறுபடி மின்சாரமாக்குவதும் பெட்டியின் வேலை. இதே வேலையை டேட்டா சென்டர்களில் பெரிய அளவில் செய்பவை ‘ஆப்டிகல் மாட்யூல்’கள். அவற்றைச் செய்யும் சீன நிறுவனங்களைப் பற்றிப் பேச்சு வந்தால் ‘நெய்ஜுவான்’ என்ற சொல்லும் கூடவே வரும். இந்த இதழில் இரண்டின் கதையும்.

ஷாங்காயில் பிறந்த சார்லஸ் காவ், 1966-இல் இங்கிலாந்தில் வேலை பார்த்தபோது, கண்ணாடியில் உள்ள அசுத்தத்தை நீக்கினால் அதன் வழியே வெகுதூரம் ஒளியை அனுப்பலாம் என்றார். 1970-இல் அமெரிக்காவின் கார்னிங் நிறுவனம் அப்படி ஓர் இழையைச் செய்துகாட்டியது. காவுக்கு நோபல் பரிசு கிடைத்தது 2009-இல்தான்.

ஆரம்பத்தில் லேசரைச் சர்க்யூட் போர்டிலேயே பற்றவைத்துவிடுவார்கள். லேசர் போனால் போர்டே போச்சு. 1990-களின் நடுவில் ‘ஜிபிக்’ வந்தது. நொடிக்கு ஒரு ஜிகாபிட். சுவிட்ச் ஓடிக்கொண்டிருக்கும்போதே கழற்றி மாட்டலாம், யார் செய்தது என்றாலும் ஒரே அளவு. போட்டி நிறுவனங்கள் கூடிப் பேசி இந்த அளவை ஒப்புக்கொண்டதுதான் இந்தத் துறையின் பெரிய காரியம் என்பேன். 2000-ஐ ஒட்டி வந்த ‘எஸ்எஃப்பி’ கிட்டத்தட்ட அதில் பாதி. விரல் நீளத்துக்கு ஒரு தகரப் பெட்டி.

பத்து ஜிகாபிட் வந்தபோது மறுபடி பெரிதாகத் தொடங்கினார்கள். ‘ஜென்பாக்’ உள்ளங்கையை நிறைத்தது. பிறகு ‘எக்ஸ்2’, ‘எக்ஸ்எஃப்பி’, கடைசியில் பழைய எஸ்எஃப்பி அளவுக்கே ‘எஸ்எஃப்பி பிளஸ்’. உள்ளே இருந்த சர்க்யூட்டில் ஒரு பங்கை வெளியே, சுவிட்ச் போர்டுக்குத் தள்ளிவிட்டதால் கிடைத்த இடம் அது. நூறு ஜிகாபிட்டிலும் இதே நாடகம்தான். முதலில் வந்த ‘சிஎஃப்பி’ 82 மில்லிமீட்டர் அகலம், 24 வாட் வரை மின்சாரம் குடிக்கும். சில வருடங்களில் வந்த ‘கியூஎஸ்எஃப்பி28’ 18 மில்லிமீட்டர்தான், 3.5 வாட் போதும். நானூறுக்கு வந்தபோது ஒளியை எரி, அணை என்ற இரண்டு நிலையோடு விடாமல் நான்கு பிரகாச நிலைகளில் அனுப்பி, ஒவ்வொரு துடிப்பிலும் இரண்டு பிட் ஏற்றினார்கள். அதைப் பிரித்துப் படிக்க உள்ளேயே ஒரு கணக்குச் சிப் வேண்டியதாயிற்று. பெட்டியின் வெளி உருவம் பெரிதாக மாறவில்லை. உள்ளேதான் நெரிசல்.

இங்கேதான் அந்தச் சொல் வருகிறது. ‘நெய்’ என்றால் உள்ளே, ‘ஜுவான்’ என்றால் சுருட்டு. (நம் நெய்யோடு சம்பந்தமில்லை.) ஆங்கிலத்தில் ‘இன்வொல்யூஷன்’. பிரசவத்துக்குப் பின் கருப்பை சுருங்கிப் பழைய அளவுக்குத் திரும்புவதை மருத்துவர்கள் அப்படிச் சொல்வார்கள். கணிதத்தில், இருமுறை செய்தால் தொடங்கிய இடத்துக்கே வந்துவிடும் செயல். தோசையை இரண்டு முறை திருப்பினால் பழைய பக்கமே மேலே வருவது போல. புதுச்சேரியில் ஸ்ரீ அரவிந்தர் இதே சொல்லை, ஆன்மா ஜடப்பொருளுக்குள் ஒடுங்கி மறைவதற்குப் பயன்படுத்தினார். மறைந்தது வெளிப்படுவது அவருக்குப் பரிணாமம்.

சீனத் தெருவுக்குப் போனது வேறொரு கிளை. 1936-இல் மானிடவியலாளர் அலெக்சாண்டர் கோல்டன்வைசர், மாவோரி மக்களின் அலங்காரக் கலையைப் பார்த்தார். அடிப்படை வடிவங்கள் சில, அவற்றுக்குள்ளேயே மேலும் மேலும் நுணுக்கம், ஆனால் புது வடிவத்துக்குத் தாவல் இல்லை. இதை இன்வொல்யூஷன் என்றார். 1963-இல் கிளிஃபோர்ட் கீர்ட்ஸ் அதை ஜாவாவின் நெல் வயல்களுக்குக் கொண்டுவந்தார். டச்சு ஆட்சியில் ஜனம் பெருகியது, வேறு பிழைப்பு இல்லை. அதே வயலில் இன்னும் பலர் இறங்கி இன்னும் நுணுக்கமாகப் பயிர் செய்தார்கள். மொத்த விளைச்சல் கூடியது, தலைக்கு மிஞ்சியது கூடவில்லை. 1980-களில் பிலிப் ஹுவாங் சீன விவசாயத்துக்கும் இதைப் பொருத்தினார்.

2020-இல் சீன இளைஞர்கள் அதைப் பிடித்துக்கொண்டார்கள். ஓடும் சைக்கிளில் லேப்டாப்பைத் திறந்து வைத்துக்கொண்டு போன சிங்ஹுவா பல்கலைக்கழக மாணவரின் படம் ஊரெல்லாம் சுற்றியது. எல்லோரும் கூடுதலாக ஒரு மணி நேரம் படித்தாலும் ஸீட் கூடாது. பத்தாம் வகுப்பு, பன்னிரண்டாம் வகுப்புப் பிள்ளைகள் இருக்கும் நம் வீடுகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. 2024 ஜூலையில் சீனக் கம்யூனிஸ்ட் கட்சியின் அரசியல் தலைமைக் குழுவே, ‘நெய்ஜுவான்’ வகைப் போட்டியைத் தடுக்க வேண்டும் என்று அறிவித்தது.

மாட்யூலுக்கு எந்த அர்த்தம் பொருந்தும்? பெட்டியைப் பார்த்தால் கோல்டன்வைசர் சொன்னதுதான். மாறாத உருவம், உள்ளே நுணுக்கம். ஆனால் ஜாவா வயல் போல அல்ல, ஒரு ஜிகாபிட் எண்ணூறு ஆகியிருக்கிறது. வயலாக மாறியது சந்தைதான். அளவு பொதுவானால் யாரும் செய்யலாம். யாரும் செய்தால் வாங்குபவர் வருடாவருடம் விலையைக் குறைக்கச் சொல்வார். 2016-இல் ஆரவாரமாக இதில் இறங்கிய இன்டெல், 2023-இல் மாட்யூல் தொழிலை ஜேபிலிடம் கொடுத்துவிட்டது. இன்று முன்வரிசையில் சூஜோவின் இன்னோலைட் போன்ற சீன நிறுவனங்கள் நிற்கின்றன. ஏஐ அலையால் வேகமான வகைகளில் நல்ல லாபம். பழைய வகைகளில், ஒரே பொருளைப் பல பேர் விற்கும் இடத்தில், அந்தச் சொல்லுக்கு இன்னும் வேலை இருக்கிறது. ஹுவாங்கின் விவசாயியைப் போல இங்கேயும் கூடுதல் மணி நேரத்தைக் கொடுப்பவர் உழைப்பாளிதான்.

கணித அர்த்தமும் சும்மா இல்லை. 2025 மார்ச்சில் என்விடியா அறிவித்த புது சுவிட்ச்களில், கழற்றி மாட்டும் பெட்டிக்குப் பதிலாக ஒளிப் பாகத்தைச் சிப்புக்குப் பக்கத்திலேயே பொருத்திவிடுகிறார்கள். தூரம் குறைந்தால் மின்சாரம் மிச்சம். முப்பது வருடத்துக்குப் பிறகு தோசை திரும்பியிருக்கிறது. ஆனால் லேசரை மட்டும் தனியே கழற்றி மாட்டும்படி வெளியில் வைத்திருக்கிறார்கள். லேசர் போனால் போர்டே போன காலம் யாருக்கோ நன்றாக நினைவிருக்கிறது போல.